எள்ளுப்பூச்சி கடித்து நீ அழுத நாள்

என் பிள்ளைக்கு,

நீ கிளாலியில் படகேறிப் போய் இன்றைக்குப் பதினாறு நாள். நேற்றுப் பின்னேரம் கொழும்பிலிருந்து திரும்பி வந்த ஒரு வாத்தியார் சைக்கிளை ஒழுங்கையில் நிறுத்தி, "உங்கடை மகள் சுகமாய்ப் போய்ச் சேர்ந்திட்டா, விசா அலுவலும் சரிவந்திட்டுதாம்" என்று சொல்லிவிட்டுப் போனார். அடுத்த கிழமை அவரே திரும்பவும் போகிறாராம். இந்தக் கடிதத்தை அவரிடம்தான் கொடுத்துவிடப் போகிறேன். இன்னும் ஒரு மாதத்துக்குள் நீ கனடாவில் இறங்கி, படத்தில் மட்டும் பார்த்த ஒருவரைக் கலியாணம் செய்துகொள்வாய். போகிற வீட்டில் எப்படி நடக்கவேண்டும் என்று எழுதுவதற்காக நான் உட்காரவில்லை. அதற்கு உன் அம்மா இருக்கிறாள், அவளுடைய கடிதம் தனியாக வரும். இது வேறு.

நீ போவதற்கு முதல்நாள் பெட்டி அடுக்கும்போது அம்மாவிடம் ஒன்று சொன்னாயாம். அவள் அதைப் பன்னிரண்டு நாள் தனக்குள் வைத்திருந்துவிட்டு, ஒரு காலை நான் தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோது சொன்னாள். "ஒரு உயிர் போனது என்னாலை, அம்மா. எனக்கு நல்ல வாழ்க்கை அமையுமே?" என்று கேட்டாயாம். எந்த உயிர் என்று அம்மா உன்னிடம் கேட்கவில்லை. நானும் அவளிடம் கேட்கவில்லை. பதினொரு வருடமாக இந்த வீட்டில் ஒருவரும் வாயெடுத்துச் சொல்லாத பெயர் அது. இப்போது சொல்கிறேன். பூமணி.

உனக்கு நினைவிருப்பது எவ்வளவு, நீயாகச் சேர்த்துக்கொண்டது எவ்வளவு என்று எனக்குத் தெரியாது. அதனால் முழுவதையும் முதலிலிருந்து சொல்கிறேன். உனக்கு அப்போது பத்து வயது. எண்பத்துமூன்றுக் கலவரம் நடந்து ஒரு வருடம் கழிந்த ஆவணி மாதம், பள்ளிக்கூட விடுமுறை. நீர்வேலியில் நம் வீட்டுக்குப் பின்னால் இருந்த பத்துப் பரப்புத் தோட்டம் முழுவதும் மிளகாய், பூவும் பிஞ்சும் பழமுமாக நின்றது. நீ பழம் பிடுங்க என்று வருவாய். அந்த வருடம்தான் பூக்களுக்குள் அந்தச் சின்னப் பூச்சியைக் கண்டோம். எள்ளில் பாதிதான் இருக்கும். கறுப்பு உடம்பு, முதுகில் வெள்ளையாக ஒரு பொட்டு. வேர்த்த கையில் வந்து உட்கார்ந்தால் ஊசியால் குத்தியது போல ஒரு கடி கடிக்கும். இவ்வளவு சின்ன உடம்பா இப்படிக் கடித்தது என்று திரும்பிப் பார்க்கவைக்கும். எங்களுக்கெல்லாம் கடித்த இடம் கொஞ்ச நேரத்தில் ஆறிவிடும், உனக்கு மட்டும் தடித்துச் சிவந்துவிடும். ஊரில் அதற்கு ஒரு பெயர் இருந்ததாக எனக்குத் தெரியாது. நீ எள்ளுப்பூச்சி என்றாய், தோட்டத்தில் எல்லோரும் அப்படியே சொல்லத் தொடங்கினோம்.

பூமணி ஆறு வருடமாக எங்களிடம் களை பிடுங்கவும் பழம் பிடுங்கவும் வந்தவள். முப்பத்தைந்து வயதிருக்கும். அவளுடைய புருசன் மாணிக்கம் வேறு தோட்டங்களில் கொத்தவும் இறைக்கவும் போவான். ஒரே மகள் வசந்தி, உன்னைவிட இரண்டு வயது மூத்தவள். அவர்களுடைய குடிசை றோட்டுக்கு அந்தப்பக்கம் இருந்தது, அந்தப் பிள்ளை ஒருநாளும் எங்கள் வளவுக்குள் வந்ததில்லை. நீ பூமணியைப் பெயர் சொல்லித்தான் கூப்பிட்டாய். அவள் உன்னோடு "வாங்கோ, இருங்கோ, கையைப் பாப்பம்" என்று மரியாதையாகக் கதைப்பாள். தாயின் வயதுள்ளவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது பிழை என்று நானும் அம்மாவும் உனக்குச் சொல்லித் தரவில்லை. அவள் எங்கள் கிணற்றில் தண்ணீர் அள்ளக்கூடாது என்பதும் அப்படித்தான். வேலைக்குச் சேர்த்த முதல் நாளே, "கிணத்துக்கட்டிலை ஏறாதை, கேட்டா ஊத்துவம்" என்று நான் சொன்னேன். அவள் "ஓம் ஐயா" என்றாள். அவளுக்கு அது புதிதல்ல. அதற்குச் சில வருடம் முன்னர் பக்கத்துத் தோட்டத்தில் அவளுடைய ஆட்களில் ஒருவன் தாகத்தில் கயிற்றைத் தொட்டுவிட்டான் என்று பனையில் கட்டிவைத்து அடித்தார்கள். அடித்தவர்களில் நான் இல்லை. பார்த்துக்கொண்டு நின்றவர்களில் இருந்தேன்.

அந்த வருடம் மிளகாய்க்கு இலை சுருளத் தொடங்கியிருந்தது. கடைக்காரர் சொன்னபடி பத்து நாளைக்கு ஒருமுறை மருந்தடித்தேன். ஒரு தடவை மருந்து போதாமல் கிழக்குப் பக்கம் நாலு பாத்தி விடுபட்டது. அடுத்த தடவையும் சோம்பலில் அதை விட்டுவிட்டேன். ஒரு சனிக்கிழமை காலை, வேலி ஓரமாகப் பக்கத்துத் தோட்டக்காரர் இருவரோடு நான் கதைத்துக்கொண்டு நின்றபோது பூமணி பனையோலைக் கடகத்தோடு வந்து எட்டத்தில் நின்றாள்.

"ஐயா, ஒண்டு சொன்னாக் கோவிக்கமாட்டியளே?"

"என்ன?"

"மருந்தடிச்ச பக்கம் இலையெல்லாம் சுருண்டு போச்சு. அடியாத நாலு பாத்தியிலையும் இலை விரிஞ்சு நிக்குது. அங்கைதான் உந்த எள்ளுப்பூச்சி கூட. உது இலைக்குக் கீழை இருக்கிற இலைப்பேனுகளைக் குத்தி உறிஞ்சுது ஐயா, நான் கண்ணாலை கண்டனான். கடிச்சாலும் கடிக்கட்டும், உதுகளை விட்டு வைப்பம்."

அவள் இலையொன்றைத் திருப்பிக்கூடக் காட்டினாள். நான் குனிந்து பார்க்கவில்லை. வேலிக்கு அப்பால் நின்றவர்களில் ஒருவர் சிரித்துக்கொண்டு, "என்ன, இப்ப பூமணியே உமக்கு விவசாயம் படிப்பிக்கிறது?" என்று கேட்டார். எனக்கு முகம் சுட்டது. "நீ உன்ரை வேலையைப் பார்" என்று அவளை அனுப்பினேன். நாலு பாத்தியையும் சேர்த்து அடிப்பது என்று அந்த இடத்திலேயே தீர்மானித்துவிட்டேன். இது சனிக்கிழமை. நீ நன்றாகக் கவனி, சனிக்கிழமை.

உன்னை எள்ளுப்பூச்சி கழுத்தில் கடித்தது ஞாயிற்றுக்கிழமை. அன்று நீ விசும்பி விசும்பி அழுதாய். நான் உன்னைத் தூக்கி வைத்துக்கொண்டு, "அழாதை பிள்ளை, நாளைக்கு அப்பா உதுகள் எல்லாத்தையும் அடிச்சுக் கொல்லுறன்" என்றேன். அந்த வார்த்தையைத்தான் நீ பதினொரு வருடமாகக் காவிக்கொண்டு திரிகிறாய் என்று இப்போது விளங்குகிறது. நான் மருந்தடித்தது ஒரு வேலைக்காரிக்கு முன்னால், இரண்டு அயலவருக்கு முன்னால் என் முகம் சுட்டதற்காக. அதைப் பிள்ளைப் பாசம் என்று உனக்கும் எனக்கும் சொல்லிக்கொண்டேன். நீ அன்று அழாமல் இருந்திருந்தாலும் திங்கட்கிழமை நான் அடித்திருப்பேன்.

திங்கட்கிழமை சோளகக் காற்று காலையிலேயே எழும்பிவிட்டது. அப்படியான நாளில் மருந்தடிக்கக்கூடாது என்று எனக்குத் தெரியும். கொட்டிலுக்குள் இருந்த மருந்துப் போத்திலின் மூடி தொலைந்து, நான் அதில் ஒரு துணியை அடைத்து வைத்திருந்தேன். பூமணியைக் கூப்பிட்டு, போத்திலையும் கலக்குகிற தடியையும் வாளியையும் கடகத்தில் வைத்து எடுத்துவரச் சொன்னேன். அவள் கடகத்தைத் தலையில் வைத்துக்கொண்டு வரம்பில் நடந்து வந்தாள். வாய்க்காலைத் தாண்டும்போது போத்தில் சரிந்தது. துணி கழன்று, தண்ணீர் கலக்காத மருந்து அவளுடைய தலையிலும் கழுத்திலும் முதுகிலும் ஊற்றியது. நான் ஓடிப்போய்ப் போத்திலைப் பிடித்தேன். என் வாயிலிருந்து வந்த முதல் வார்த்தை, "ஐயோ, மருந்தெல்லாம் போச்சே!" போத்திலில் கால்வாசி மிஞ்சியிருந்தது. மிஞ்சியதை மருந்தடிக்கிற மெசினுக்குள் ஊற்றிக் கலக்கி முதுகில் போட்டுக்கொண்டேன்.

"ஐயா, தலையெல்லாம் எரியுது. கொஞ்சம் தண்ணி அள்ளி ஊத்திவிடுங்கோவன்" என்றாள்.

"பொறு, உந்த ரண்டு வரியையும் முடிச்சிட்டு வாறன்."

அவள் போய்க் கிணற்றுக்கட்டுக்கு வெளியே நிலத்தில் குந்தினாள். கிணறு அவளுக்குப் பத்தடி தூரத்தில் இருந்தது. வாளியும் கயிறும் கட்டின் மேல் இருந்தன. அவள் தொடவில்லை. நான் இரண்டு வரியை முடித்துவிட்டு மூன்றாவதில் இறங்கினேன். அவள் திரும்பவும் கூப்பிட்டாள். "வாறன், வாறன்" என்றேன். மூன்றாம் முறை அவள் கூப்பிட்டபோதுதான் நீ முருங்கை மரத்தடியில் இருந்து எழும்பி ஓடினாய். நீ கிணற்றுக்கட்டில் ஏறி வாளியைக் கையில் தூக்கினாய். நான் தோட்டத்தின் நடுவில் நின்று கத்தினேன்: "பிள்ளை! வாளியை வை! கிணத்தடியை விட்டிட்டு வா!"

நீ வைத்துவிட்டாய். உன்னை நான் அவ்வளவு சத்தமாக ஏசியது அதுதான் முதல் தடவை.

நீ கிணற்றுக்குள் விழுந்துவிடுவாய் என்று பயந்துதான் கத்தினேன் என அன்று பின்னேரம் உன் அம்மாவிடம் சொன்னேன். பிறகு எனக்கே அப்படிச் சொல்லிச் சொல்லி அது உண்மை போல ஆகிவிட்டது. ஆனால் நீ அந்தக் கிணற்றில் எத்தனையோ தடவை தண்ணீர் அள்ளியிருக்கிறாய், கிணற்றுச் சுவர் உன் நெஞ்சுக்கு வரும், அதில் விழமுடியாது. வேலிக்கு அப்பால் அந்த இரண்டு பேரும் நின்றார்கள். நான் ஊற்றுவதென்றால் நின்ற நிலையில் எட்டத்தில் இருந்து ஊற்றுவேன், அது வழக்கம். நீ போனால் அவள் தலையைக் கையால் தேய்த்துக் கழுவிவிடுவாய். என் மகள் அப்படிச் செய்வதை அவர்கள் பார்ப்பார்கள் என்றுதான் கத்தினேன். இதை எழுதி முடிக்க எனக்கு மூன்று தாள் வீணாகிவிட்டது.

ஆறு வரி முடித்துவிட்டுத்தான் நான் கிணற்றடிக்குப் போனேன். அரை மணித்தியாலம் இருக்கும். பூமணி பக்கவாட்டில் சரிந்து கிடந்தாள். வாயிலிருந்து நீர் வடிந்தது, உடம்பு வேர்த்துக் கொட்டியது, கையும் முகமும் தானாகத் துடித்தன. கண்ணின் கருமணி குண்டூசித் தலை அளவுக்குச் சுருங்கியிருந்தது. அப்போதுதான் வாளி வாளியாக அள்ளி ஊற்றினேன், அப்போதும் எட்ட நின்றுதான். அவளுடைய கொண்டை அவிழவில்லை. உன் அம்மா ஓடிவந்து, சந்தியில் நின்ற வாடகைக் காரைப் பிடித்துக்கொண்டு வர ஆள் அனுப்பினாள். காரில் போகும்போது பூமணிக்கு நினைவு இருந்தது, ஆஸ்பத்திரி வாசலில்தான் தப்பியது. நான் முன்சீட்டில் இருந்தேன், திரும்பிப் பார்க்கவில்லை.

ஆஸ்பத்திரியில் டொக்டர் என்னிடம், "குடிச்சவவோ, மேலிலை பட்டதோ?" என்று கேட்டார். ஒரு சொல்தான் நான் சொல்லியிருக்கவேண்டும். மேலில் பட்டது என்றால், எப்போது பட்டது, ஏன் உடனே கழுவவில்லை என்று அடுத்த கேள்வி வரும். நான், "தெரியாது ஐயா, நான் மற்றப் பக்கம் மருந்தடிச்சுக்கொண்டு நிண்டனான். போத்தில் வரம்பிலை கிடந்தது" என்றேன். அந்த நாளில் யாழ்ப்பாணத்தில் மருந்து குடித்துவிட்டு வருகிறவர்கள் கொஞ்சப்பேரல்ல. அவர்கள் அவளுடைய வயிற்றைக் கழுவத் தொடங்கினார்கள். மருந்து அவளுடைய தலைமயிருக்குள் இருந்தது. அதைச் சொல்லவேண்டியவன் நான் ஒருவன்தான், நான் வாசலில் சும்மா நின்றேன். மறுநாள் விடிய அவள் செத்துப்போனாள்.

மரண விசாரணையிலும் அதையே சொன்னேன். நஞ்சருந்தி இறந்ததாக எழுதினார்கள். மாணிக்கம் என் முன்னால் வந்து நின்று, "ஏன் ஐயா குடிச்சவள்? தோட்டத்திலை ஏதும் நடந்ததே?" என்று கேட்டான். "எனக்கென்ன தெரியும் மாணிக்கம்" என்றேன். வீட்டுக்கு வந்து, "பிள்ளை கண்டதை ஒருத்தரிட்டையும் கதைக்கவேண்டாமெண்டு சொல்லிவை" என்று உன் அம்மாவுக்குச் சொன்னேன். அவள் உன்னைக் கூட்டிக்கொண்டுபோய் அறைக்குள் வைத்துச் சொன்னது உனக்கு நினைவிருக்கும். அது அவளுடைய வார்த்தை இல்லை, என்னுடையது. நீ அதற்குப் பிறகு தோட்டத்துக்கு வரவில்லை. பெரிய பிள்ளையாகிறாள், வெயிலுக்குப் பயப்படுகிறாள் என்று நாங்கள் சொல்லிக்கொண்டோம்.

நான் அதோடு திருந்தினேன் என்று நினைக்காதே. ஒரு கிழமை கழித்துப் புதுப் போத்தில் வாங்கி அந்த நாலு பாத்திக்கும் அடித்தேன். எள்ளுப்பூச்சி ஒன்றும் மிஞ்சவில்லை. புரட்டாதி முடிவதற்குள் கிழக்குப் பாத்திகளும் மற்றவை போலச் சுருண்டு, செடிகளைப் பிடுங்கி எரித்தேன். அடுத்தடுத்த வருடங்களும் அடித்தேன், இன்னும் கூடுதலாக.

பிறகு தொண்ணூறாம் ஆண்டில் யாழ்ப்பாணத்துக்கான பாதை பூட்டியது உனக்குத் தெரியும். மண்ணெண்ணெய் இல்லை, பசளை இல்லை, மருந்து ஒரு சொட்டு இல்லை. முதல் வருடம் மிளகாய் முழுவதும் அழிந்தது. இரண்டாம் வருடம் பங்குனியில் ஒரு பூவைப் பிரித்துப் பார்த்தபோது உள்ளே கறுப்பாக ஒன்று ஓடியது. ஆனிக்குள் தோட்டம் நிறைய அதுதான். கடித்தது, தட்டிவிட்டேன், திரும்பவும் கடித்தது. இலைகள் விரிந்து நின்றன. அந்த இலைகளைத் திருப்பிப் பார்த்தேன். இலைப்பேன் ஒன்றை மூக்கால் குத்திப் பிடித்தபடி ஒரு பூச்சி நின்றது, அவள் சொன்னபடியே. அன்று நான் குனிந்து பார்ப்பதற்கு ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. அதே காலத்தில் வடக்கே இருந்து இடம்பெயர்ந்த சனம் எங்கள் தோட்டத்துக் கொட்டிலில் வந்திருந்தது. ஏழு குடும்பம், எவர் என்ன ஆட்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை, எல்லோரும் அந்தக் கிணற்றில் அள்ளினார்கள். குண்டு வீச்சுக்குப் பயந்து ஓடிவந்தவர்களிடம் அதைக் கேட்க எனக்கும் வாய் வரவில்லை. பூமணிக்கு அதைச் சொல்ல மட்டும் வாய் வந்தது.

இவ்வளவும் தெரிந்த பிறகும் நான் ஒன்றும் செய்யவில்லை, பிள்ளை. மாணிக்கத்தைச் சந்தையில் காண்பேன், அவன் தலையாட்டுவான், நானும் தலையாட்டுவேன். நீ பெட்டி அடுக்கும்போது சொன்னதை அம்மா சொன்ன பிறகுதான் என்னால் இருக்கமுடியாமல் போனது. அன்று பின்னேரமே றோட்டைக் கடந்து அவனுடைய குடிசைக்குப் போனேன். அந்த வாசலில் நான் கால் வைத்தது அதுதான் முதல் தடவை. அவன் முற்றத்தில் கிடுகு பின்னிக்கொண்டிருந்தான். எழும்பினான். நான் இருக்கச் சொல்லி, நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். மூடி தொலைந்த போத்தில், கிணற்றடி, ஆஸ்பத்திரியில் சொன்ன பொய், ஒன்றையும் விடவில்லை. அவன் ஓலையை மடித்துக்கொண்டே கேட்டான். முடிந்ததும் சொன்னான்:

"தெரியும் ஐயா."

"என்ன தெரியும்?"

"பிரேதத்தைக் குளிப்பாட்டேக்கை பொம்பிளையள் கொண்டையை அவிட்டவை. மருந்து மணம் தாங்கேலாமல் போச்சு. குடிக்கிறவள் தலையிலை ஊத்திக் குடிப்பாளே?"

"அப்ப ஏன் ஒண்டும் சொல்லேல்லை?"

"ஆரிட்டைச் சொல்லுறது? உங்களிட்டையோ?"

அவன் அடுத்த ஓலையை எடுத்து மடித்தான். பிறகு அவனே சொன்னான். "எனக்குத் தெரியும், அது காணும். வசந்திக்குத்தான் தெரியாது. நான் எத்தினையோ தரம் சொல்லிப்போட்டன், கொம்மா குடிக்கேல்லையெண்டு. அப்பா ஆறுதலுக்குச் சொல்லுறார் எண்டுதான் அவள் நினைக்கிறாள். உங்களுக்கு மனமிருந்தா அவளிட்டைப் போய்ச் சொல்லுங்கோ." மனமிருந்தால் என்று சொன்னான். அவன் என்னை ஏசியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

திரும்பி வரும் வழியில் அன்று வேலிக்கு அப்பால் சிரித்தவரிடமும் சொன்னேன். "இப்ப என்னத்துக்கு உந்தக் கதையெல்லாம், மகளும் வெளிநாடு போற நேரத்திலை" என்றார். பதினொரு வருடமாக நான் எனக்குச் சொல்லிவந்ததும் இதுதான், வேறு வேறு சொற்களில். இதிலிருந்து உனக்குப் புத்திமதி ஒன்று எழுதத்தான் வேண்டும் என்றால் இதை எழுதுகிறேன். நீ போகிற நாட்டிலும் உன்னைவிடக் குறைந்தவர் என்று மற்றவர்கள் சொல்லுகிற ஒருவர் உனக்குத் தெரியாத ஒன்றைச் சொல்லுவார். உனக்கு முகம் சுடும். அந்தச் சூட்டோடு எந்த வேலையையும் தொடாதே. பிழை செய்தால் அன்றைக்கே வாயைத் திறந்து சொல்லு. மறுநாள் என்று விட்டால் அது பிழையாக நிற்காது, வேறு ஒன்றாக வளர்ந்துவிடும்.

வசந்தி நல்லூரில் ஒரு தையற்கடையில் வேலை செய்கிறாள். முந்தநாள் சைக்கிளில் போனேன். இருபத்துமூன்று வயது, தாயின் நெற்றியும் பல்லும் அப்படியே. கடையில் இன்னும் மூன்று பெண்கள் இருந்தார்கள். "உங்கடை அம்மாவைப் பற்றிக் கதைக்கவேணும்" என்றதும் என்னைப் பின்பக்கம் கூட்டிக்கொண்டு போனாள். கையில் பிடித்திருந்த சட்டைத் துணியை வைக்காமல் கேட்டாள். அவளுக்கும் மாணிக்கத்துக்குச் சொன்னதையே சொன்னேன், நீ வாளியைத் தூக்கியதையும் நான் கத்தியதையும் சேர்த்து.

"எவ்வளவு நேரம் இருந்தவ?" என்று கேட்டாள்.

"அரை மணித்தியாலம்."

"என்ன சொன்னவ?"

"தண்ணி கேட்டவ. மூண்டு தரம்."

"என்னைப் பற்றி ஏதும் சொன்னவவே? காரிலை போகேக்கையாவது?"

ஒரு நல்ல பொய் அப்போது வாய்வரை வந்தது. பூமணி அவளுடைய பெயரைச் சொன்னாள் என்று சொல்லியிருந்தால் அந்தப் பிள்ளை சாகும்வரை அதை வைத்திருக்கும். ஆனால் அவளுடைய தாயைப் பற்றி நான் சொன்ன பொய்கள் போதும் என்று பட்டது. "இல்லைப் பிள்ளை" என்றேன். "தண்ணி மட்டும்தான் கேட்டவ."

அவள் துணியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு மெதுவாகச் சொன்னாள்: "அண்டைக்குக் காலமை நான் பானை கழுவேல்லையெண்டு அம்மா ஏசிப்போட்டுத்தான் வேலைக்குப் போனவ. நானும் எதிர்த்துக் கதைச்சனான். அந்தக் கோவத்திலைதான் குடிச்சவ எண்டு இவ்வளவு நாளும் நினைச்சன். அப்பாவுக்குக்கூடச் சொல்லேல்லை."

நான் செய்ததன் அளவு எனக்கு அப்போதுதான் தெரிந்தது. ஒரே ஊரில், றோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும், நீங்கள் இரண்டு பெண்பிள்ளைகளும், ஒவ்வொருவரும் தன்னால்தான் பூமணி செத்தாள் என்று நினைத்துக்கொண்டு வளர்ந்திருக்கிறீர்கள். இரண்டு பேர் தலையிலும் அதைக் கட்டிவைத்தவன் நான்.

"என்னை மன்னி எண்டு கேக்க நான் வரேல்லை" என்றேன்.

"கேட்டாலும் மன்னிக்கமாட்டன்" என்றாள். சத்தம் போடவில்லை, அழவும் இல்லை. "இனி இஞ்சை வராதையுங்கோ. போங்கோ."

நான் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு றோட்டுக்கு வந்துவிட்டேன். ஏறப்போகும்போது பின்னால் கூப்பிட்டது கேட்டது. அவள் கடை வாசலில் நின்றாள்.

"உங்கடை மகள் வாளியைத் தூக்கினவ எண்டு சொன்னியள். அது உண்மையோ, இல்லாட்டி எனக்காகச் சொன்னதோ?"

"உண்மை. நான் கத்தினபடியால்தான் வைச்சவள்."

"அப்ப அவவுக்கு எத்தினை வயசு?"

"பத்து."

"இப்ப எங்கை?"

"கொழும்பிலை. கலியாணம் செய்யக் கனடாவுக்குப் போறாள்."

அவள் றோட்டைப் பார்த்தாள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் சைக்கிள்களில் போய்க்கொண்டிருந்தார்கள். பிறகு சொன்னாள்:

"அவவுக்கு எழுதுங்கோ. எங்கடை அம்மா கூப்பிட்டதுக்கு அண்டைக்கு ஒராள் எழும்பி ஓடினது எண்டு நான் அறிஞ்சிட்டன் எண்டு எழுதுங்கோ. நல்லாயிருக்கச் சொல்லுங்கோ."

அவள் சொன்னது அவ்வளவும்தான். நான் அதில் ஒன்றைக் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை.

அப்பா